பேய்வீட்டுப் படம் போடும் இரவு: திருகோணமலையில் எங்களிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாதம் ஒரு தடவை, பெரும்பாலும் போயா விடுமுறைக்கு முந்தின இரவு, எங்கள் வீட்டு விறாந்தையில் பாய் விரித்துப் படம் போடுவோம். வீடு கோட்டைக்குக் கிட்ட. அலைச் சத்தம் கேட்கும். நாலு பேரோடு தொடங்கியது, இப்போது சில இரவுகளில் வாசலில் செருப்புக் கழற்ற இடமிருக்காது. எல்லா வகைப் படமும் போட்டுப் பார்த்தாயிற்று. ஆனால் ஆட்கள் திரும்பத் திரும்பக் கேட்பது பேய்ப்படம். அதிலும் பேய்வீட்டுப் படம். "அக்கா, சனிக்கிழமை பெடியள் வாறாங்கள், நல்ல ஒண்டு சொல்லுங்கோ" என்று நிலாவெளியிலிருந்தும் போன் வரும், கிண்ணியாவிலிருந்தும் வரும். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லி வாய் உளைந்துவிட்டது. அதனால் கேட்கிற கேள்விகளையும் நான் சொல்லும் பதில்களையும் இங்கே எழுதிவைக்கிறேன். எந்தப் படத்தின் முடிச்சையும் அவிழ்க்கவில்லை, சந்திரமுகியைத் தவிர. அதைத் தெரியாதவர் இந்தத் தீவில் இருப்பாரா என்பது சந்தேகம்.

பேய் வருகிற படமெல்லாம் பேய்வீட்டுப் படமா?

இல்லை. பேய் ஆளைப் பிடித்தால் அது வேறு வகை. அந்த ஆள் கொழும்புக்குப் போனால் பேயும் கூடவே பஸ் ஏறும். பேய்வீட்டுப் படத்தில் தொல்லை வீட்டோடு இருக்கிறது. படலையைத் தாண்டினால் தப்பலாம். அப்படியானால் அவர்கள் ஏன் போகவில்லை? இந்தக் கேள்விக்குப் படம் என்ன பதில் வைத்திருக்கிறது என்பதைப் பார்த்துத்தான் நான் படத்தை எடைபோடுவேன். 2013இல் ஜேம்ஸ் வான் எடுத்த 'தி கொன்ஜூரிங்' படத்தில், கையிலிருந்த காசையெல்லாம் அந்தப் பழைய வீட்டில் போட்டுவிட்டார்கள். ஐந்து பெண்பிள்ளைகளோடு வேறெங்கே போவது? 'தி அதர்ஸ்' படத்தில் பிள்ளைகள் வெளிச்சத்தில் இறங்க முடியாது. 'ஹிஸ் ஹவுஸ்' படத்தில் வீடு மாற அரசாங்கம் விடாது. நல்ல படம் என்றால் பேய்க்கும் இதே சிக்கல் இருக்கும். அதற்கும் அந்த வீட்டைவிட்டுப் போக மனமோ வழியோ இருக்காது.

வீட்டைப் பூட்டிக்கொண்டு வெளிக்கிடுவது எவ்வளவு பெரிய காரியம் என்று திருகோணமலைக்காரருக்கு யாரும் விளக்கத் தேவையில்லை. அதனாலோ என்னவோ, இந்த வகைப் படம் எங்கள் விறாந்தையில் நன்றாக எடுபடுகிறது. ஒரு காரணமும் இல்லாமல் இரண்டு மணிநேரம் கதவை அடித்துச் சாத்துகிற படங்களும் உண்டுதான். ஆளை ஏமாற்றுவதை எங்கள் பேச்சில் 'பேய்க்காட்டுவது' என்போமே, அவை செய்வது அந்த வேலை.

ஒரே ஒரு படம்தான் போடப்போகிறோம். எதைப் போட?

'தி அதர்ஸ்'. 2001இல் வந்தது. அலெஹான்ட்ரோ அமெனாபார் எழுதி இயக்கியது. நிக்கோல் கிட்மன் நடித்தது. 1945ஆம் ஆண்டு, ஆங்கிலக் கால்வாயிலுள்ள ஜேர்சி தீவு. போருக்குப் போன கணவன் திரும்பவில்லை. இரண்டு பிள்ளைகளுக்கும் வெயில் பட்டால் உடம்பு புண்ணாகும் நோய். ஆகவே அந்தப் பெரிய வீட்டில் திரைச்சீலைகள் எப்போதும் மூடியே கிடக்கும். ஒரு கதவைப் பூட்டாமல் அடுத்த கதவைத் திறக்கக்கூடாது என்பது தாயின் சட்டம். ஒரு நாள் காலையில் வேலைக்கு மூன்று பேர் வந்து நிற்கிறார்கள். அதற்குப் பிறகு நான் சொல்லமாட்டேன்.

இரத்தம் கிடையாது, கோரமான முகம் கிடையாது. திறப்புக்கோவை குலுங்குகிற சத்தமும் விளக்கொளியும் மட்டும்தான். கதையிலேயே வீடு இருட்டு என்பதால், நாங்களும் விளக்கை அணைத்துவிட்டுப் பார்க்கும்போது அவர்களோடு ஒரே அறையில் இருப்பதுபோல ஆகிவிடுகிறது. முதல் தடவை போட்ட இரவு, முடிவு வந்ததும் என் மச்சாள் ஒன்றும் பேசவில்லை. கொஞ்ச நேரம் இருந்துவிட்டு, "முதல்ல இருந்து போடு" என்றாள். நேரம் பதினொன்றரை. போட்டோம். இரண்டாம் தடவை பார்க்கும்போது வேலைக்காரர் பேசுகிற ஒவ்வொரு வசனமும் வேறு மாதிரிக் கேட்கும்.

அம்மம்மாவும் இருப்பா, சின்னப் பிள்ளைகளும் இருப்பார்கள். எல்லாரும் சேர்ந்து பார்க்க?

அம்மம்மாவுக்காக என்றால் 'நெஞ்சம் மறப்பதில்லை'. 1963, ஸ்ரீதர் இயக்கியது. கல்யாண்குமார், தேவிகா, நம்பியார். கறுப்பு வெள்ளை. பாழடைந்த ஒரு பெரிய வீடு, போன பிறவி ஞாபகம், அந்தப் பாட்டு. வின்சென்டின் கமரா அந்த வீட்டுக்குள் போகிற விதத்தை இன்றைக்கும் குறை சொல்ல முடியாது. பெடியள் முதல் கால்மணிநேரம் நெளிவார்கள். பிறகு நம்பியாரின் கிழவேடம் வரும், அடங்கிவிடுவார்கள்.

சின்னதுகளுக்கு 'மொன்ஸ்டர் ஹவுஸ்' என்ற 2006ஆம் ஆண்டு அனிமேஷன் படம். முன்வீட்டுக் கிழவரின் வளவுக்குள் விழுகிற பந்து, பட்டம் எதுவும் திரும்பி வராது, வீடே விழுங்கிவிடும். ஆறு வயதுக்குக் குறைந்த பிள்ளை என்றால் மடியில் வைத்துக்கொள்ளுங்கள்.

எல்லாரையும் ஒன்றாகச் சிரிக்கவும் அலறவும் வைக்க 'காஞ்சனா' போதும். ராகவா லோரன்ஸ், 2011. மகனைவிடக் கோவை சரளா கூடப் பயப்படுகிறாரா, கூட அடிக்கிறாரா என்று எங்கள் வீட்டில் இன்னும் வாக்குவாதம். சிரிப்பை ஒதுக்கிவிட்டுப் பார்த்தால், சரத்குமார் நடித்த அந்தத் திருநங்கையின் கதை கனமானது. அந்தப் பேயின் வழக்குக் காணி வழக்கு. எங்கள் ஊர்ப் பெரியவர்கள் அந்த இடத்தில் மட்டும் சிரிக்காமல் பார்ப்பார்கள்.

'சந்திரமுகி' பேய்ப்படம்தானா?

கணக்குப்படி இல்லை. பேய் என்று ஒன்றுமே அதில் கிடையாது, மனம்தான் பிசகுகிறது. ஆனாலும் பேய்வீட்டுப் படத்துக்கு வேண்டிய எல்லாம் இருக்கிறது: மலிவாகக் கிடைத்த அரண்மனை, திறக்கக்கூடாத அறை, திறந்துவிடுகிற ஒரு ஆள். 1993இல் பாசில் எடுத்த 'மணிச்சித்ரத்தாழ்' என்ற மலையாளப் படம்தான் மூலம். சோபனாவுக்கு அதற்குத் தேசிய விருது கிடைத்தது. 2004இல் பி. வாசு கன்னடத்தில் 'ஆப்தமித்ரா' என்று எடுத்தார், 2005இல் அவரே ரஜினியை வைத்துத் தமிழில் எடுத்தார், 2007இல் அது இந்திக்கும் போனது.

முடிந்தால் மலையாளத்தைப் பாருங்கள். அதில் நாகவல்லி தஞ்சாவூரிலிருந்து கொண்டுவரப்பட்ட ஆடற்காரி. அவள் உள்ளே வந்ததும் சோபனா தமிழில் பேசத் தொடங்குவார். மலையாளிகளுக்கு அந்நிய மொழி கேட்கிற திகில். எங்களுக்கோ அந்த நேரத்தில்தான் வசனம் புரியத் தொடங்கும். மற்ற இடத்தில் உபதலைப்பைப் படித்துக்கொண்டிருந்த என் சித்தி, அந்த இடத்தில் நிமிர்ந்து உட்கார்ந்து, "பாவம், எங்கட பிள்ளை" என்றார்.

உண்மையிலேயே பயப்படவேண்டும். சிரிப்புப் பேய் வேண்டாம்.

பேயைக் காட்டாத படத்தைப் போடுங்கள். 'நெஞ்சம் மறப்பதில்லை' வந்த அதே 1963இல் ரொபர்ட் வைஸ் 'தி ஹோன்டிங்' எடுத்தார். ஷேர்லி ஜாக்சன் 1959இல் எழுதிய நாவல் அதற்கு அடிப்படை. ஒரு ஆராய்ச்சிக்காரரும் மூன்று பேரும் ஒரு பழைய மாளிகையில் சில இரவுகள் தங்குகிறார்கள். படம் முழுக்க ஒரு பேயும் கண்ணில் படாது. சத்தம் மட்டும் வரும். நடைபாதையின் அந்தத் தொங்கலிலிருந்து ஏதோ ஒன்று ஒவ்வொரு கதவாகத் தட்டிக்கொண்டு வருகிறது. இரண்டு பெண்கள் கட்டிலில் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு இருக்கிறார்கள். அவர்களுடைய கதவுக்கு வந்ததும் சத்தம் நிற்கிறது. கைப்பிடி மெதுவாகத் திரும்புகிறது.

இதை நாங்கள் போட்டது பலாப்பழக் காலத்தில். சரியாக அந்தக் கட்டத்தில் எங்கள் வெளிக்கேற்றில் 'டங்' என்று ஒரு சத்தம். கொஞ்ச நேரம் கழித்து இன்னொரு 'டங்'. பன்னிரண்டு பேர் இருந்தோம். ஒருவரும் எழும்பவில்லை. படத்தை நிறுத்தவும் ஒருவருக்கும் கை வரவில்லை, ரிமோட் மேசையில் கிடந்தது. கடைசியில் மாமிதான் டோர்ச்சை எடுத்துக்கொண்டு போனார். வெளிச்சம் விழுந்த இடத்தில் இடுப்பு உயரத்தில் இரண்டு பச்சைக் கண். பின்னாலிருந்து யாரோ கத்தினார்கள். அது நானாகவும் இருக்கலாம். கோட்டைப் பக்கத்துப் புள்ளிமான். கேற்றுக்கு வெளியே வைத்திருந்த பலாத்தோல் வாளிக்குள் தலையை விட்டு, கொம்பை எடுக்க முடியாமல் கேற்றில் மோதிக்கொண்டிருந்திருக்கிறது. திருகோணமலையில் மான் ஊருக்குள் திரிவது புதினமில்லை. ஆனால் அந்த இரவுக்குப் பிறகு படத்துக்கு முன் வாளியை உள்ளே எடுத்துவிடுகிறோம்.

1999இல் இதே படத்தைத் திரும்ப எடுத்தார்கள். அதில் எல்லாவற்றையும் கணினியில் செய்து காட்டுவார்கள். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் எது பயமுறுத்துகிறது என்று தெரிந்துவிடும். கறுப்பு வெள்ளை பிடித்துப்போனால் 1961இல் ஜாக் கிளேட்டன் எடுத்த 'தி இன்னசன்ட்ஸ்' படத்தையும் பாருங்கள். பட்டப்பகலில், குளத்துக்கு அக்கரையில், நாணலுக்குள் ஒரு பெண் சும்மா நிற்பாள். அவ்வளவுதான். எனக்கு இன்றைக்கும் அந்த இடம் ஆகாது.

'உண்மைச் சம்பவம்' என்று போட்டிருக்கிறதே, நம்பலாமா?

அதைப் போடுவதற்குக் காசு செலவில்லை. நல்ல உதாரணம் 'தி அமிட்டிவில் ஹொரர்', 1979. நியூயோர்க் மாநிலத்தில் அமிட்டிவில் என்ற ஊரில் 1974 நவம்பரில் ஒருவன் தன் குடும்பத்தில் ஆறு பேரைச் சுட்டுக் கொன்றான். இது உண்மை. அடுத்த வருடம் டிசம்பரில் அந்த வீட்டை இன்னொரு குடும்பம் வாங்கிக் குடிவந்து, 28 நாளில் வெளியேறியது. இதுவும் உண்மை. அந்த 28 நாளில் நடந்ததாகச் சொல்லப்பட்டவைதான் 1977இல் புத்தகமாகி, பிறகு படமானது. கொலைகாரனுக்காக வாதாடிய வழக்கறிஞரே பின்னாளில், அந்தத் தம்பதியும் தானும் வைன் போத்தல்களோடு உட்கார்ந்து உண்டாக்கிய கதை அது என்று சொல்லிவிட்டார். அந்த வீட்டில் அதற்குப் பிறகும் ஆட்கள் குடியிருந்தார்கள்.

'தி கொன்ஜூரிங்'கும் இப்படித்தான். குடும்பம் உண்மை, வீடு உண்மை. நடுவில் வருகிறவற்றுக்கு நீங்களே விலை வையுங்கள். படம் என்னவோ கெட்டிக்காரத்தனமானது. பிள்ளைகள் கண்ணைக் கட்டி, கைதட்டுகிற சத்தத்தை வைத்துத் தேடுகிற விளையாட்டு அதில் வருகிறது. அதைப் பார்த்த பிறகு எங்கள் வீட்டில் ஒரு மாதம் யாருக்கும் கைதட்டப் பயம்.

தமிழில் நல்ல பேய்வீட்டுப் படம் எவை?

முதலில் 'யாவரும் நலம்'. 2009, விக்ரம் கே. குமார், மாதவன், பி.சி. ஸ்ரீராமின் கமரா. பழைய பங்களா, சிலந்திவலை எதுவும் இல்லை. வெள்ளைச் சுவரும் புதுச் சோபாவும் உள்ள ஃபிளாட். காலையில் பால் திரைந்துபோகிறது, லிஃப்ட் மாதவனுக்கு மட்டும் வேலை செய்யாது, வீட்டுப் பெண்கள் பார்க்கிற நாடகத்தில் இவர்கள் வீட்டில் நடப்பது அப்படியே வருகிறது. பின்னேரம் சீரியல் பார்க்கிற வீடு என்றால் கட்டாயம் போடுங்கள். அடுத்த நாள் சீரியல் தொடங்கும்போது மாமி முகத்தைப் பார்க்கவேண்டும்.

அடுத்தது 'பீட்சா', 2012, கார்த்திக் சுப்புராஜ். விஜய் சேதுபதி ஒரு பங்களாவுக்குப் பீட்சா கொடுக்கப் போகிறார், கதவு பூட்டிக்கொள்கிறது. பிறகு கொஞ்ச நேரத்துக்கு ஒரு டோர்ச் வெளிச்சத்தை வைத்தே காலத்தை ஓட்டுகிறார்கள். முடிவு பற்றி எங்கள் வீட்டில் இரண்டு கட்சி. நான் 'பிடித்தது' என்கிற கட்சி.

'மாயா' (2015) நயன்தாராவுக்காகவும், கறுப்பு வெள்ளையில் வரும் பகுதிக்காகவும். 'டிமான்ட்டி காலனி' (2015) நாலு நண்பர்கள் ஒரு அறைக்குள் அடைபடுகிற கதை. பெடியள் மட்டும் சேர்ந்து பார்க்கிற இரவுக்கு அதைவிடப் பொருத்தம் இல்லை. 'அவள்' (2017) திடுக்கிட வைப்பதில் தமிழில் மேலானது, சிறுவர்களுக்கு ஆகாது. 'அரண்மனை' வரிசை வேண்டுமா? ஒன்று போதும்.

மலையாளம், கொரியன், ஜப்பான் படங்கள்?

மலையாளத்தில் 'பூதகாலம்', 2022, ராகுல் சதாசிவன். அம்மம்மா செத்த வாடகை வீட்டில் தாயும் மகனும். ரேவதி தாய். வேலையில்லாத மகன், மனச்சோர்வுள்ள தாய், ஒருவருக்கொருவர் பேசுகிற பேச்சில்லை. பேய் வருவதற்கு முன்பே அந்த வீட்டில் இருக்க முடியாமல் இருக்கும். அவரே 2024இல் மம்முட்டியை வைத்து 'பிரமயுகம்' எடுத்தார், முழுக்கக் கறுப்பு வெள்ளை. மழை பெய்கிற இரவில் போடுங்கள்.

கொரியாவில் 'எ டேல் ஒஃப் டூ சிஸ்டர்ஸ்' (2003). அக்கா, தங்கச்சி, சித்தி. அவர்களுடைய நாட்டுக் கதை ஒன்றிலிருந்து வந்தது. போனை நோண்டிக்கொண்டு பார்த்தால் ஒன்றும் விளங்காது. ஜப்பானில் 'ஜூ-ஒன்' (2002). தொண்டைக்குள்ளிருந்து வருகிற அந்தச் சத்தத்தை யாராவது இருட்டில் செய்து காட்டத்தான் போகிறார்கள், தயாராக இருங்கள். ஸ்பெயினிலிருந்து 'தி ஓர்ஃபனேஜ்' (2007): தான் வளர்ந்த அநாதை இல்லத்துக்கே ஒரு தாய் மகனோடு திரும்பி வருகிறாள். சுவரைத் தட்டி எண்ணிவிட்டுத் திரும்பிப் பார்க்கிற விளையாட்டு ஒன்று அதில் இரண்டு தடவை வரும். இரண்டாம் தடவை எண்ணுகிறவள் தாய். அழுவதற்கு லேஞ்சி வைத்துக்கொள்ளுங்கள்.

வீட்டில் போரைப் பார்த்தவர்கள், ஆட்களை இழந்தவர்கள் இருக்கிறார்கள். பேய்ப்படம் போடலாமா?

கேட்டுவிட்டுப் போடுங்கள். இது எங்கள் ஊரில் கட்டாயம் கேட்கவேண்டிய கேள்வி. போர் மட்டுமில்லை, 2004 கடலும் இருக்கிறது. வெடிச்சத்தம், தண்ணீருக்குள் மூழ்குவது, காணாமல்போன பிள்ளை: இந்த மூன்றில் ஏதாவது படத்தில் இருந்தால் நான் முதலிலேயே வாசலில் வைத்துச் சொல்லிவிடுவேன். யாராவது இடையில் எழும்பிப் போனால் "என்ன, பயமா?" என்று கேட்பது எங்கள் வீட்டில் தடை.

ஆனால் ஒரு படத்தைப் பற்றிச் சொல்லவேண்டும். 2020இல் ரெமி வீக்ஸ் எடுத்த 'ஹிஸ் ஹவுஸ்'. தென்சூடானிலிருந்து படகேறி, வழியில் ஒரு சிறுமியைக் கடலுக்குக் கொடுத்துவிட்டு இங்கிலாந்து வந்து சேர்ந்த ஒரு தம்பதி. தஞ்சம் கேட்டவர்களுக்கு ஒரு வீடு கொடுக்கிறார்கள். வேலைக்குப் போகக்கூடாது, வேறு இடத்தில் தங்கக்கூடாது, மீறினால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். சுவருக்குள் ஏதோ இருக்கிறது. கணவன் மேசையில் உட்கார்ந்து முள்ளுக்கரண்டியால் சாப்பிடச் சொல்கிறான். மனைவிக்கு வாய்க்குள் இரும்பு ருசிதான் தெரிகிறது. பேயைவிட அந்தச் சாப்பாட்டு மேசை என்னை உலுப்பியது. லண்டனில் பல வருடம் இருந்துவிட்டுத் திரும்பி வந்த ஒரு அண்ணா எங்களோடு பார்த்தார். சுவரில் ஈரம் ஊறிக் காகிதம் உரிந்து தொங்குவதைக் கண்டதும், "இந்த வீடு எனக்குத் தெரியும்" என்றார். பிறகு கடைசிவரை பேசவில்லை. எல்லாருக்கும் போடுகிற படமில்லை. ஆனால் பேய்வீட்டுக் கதை எங்களைப் பற்றியும் இருக்கலாம் என்று எனக்குக் காட்டிய படம் அதுதான்.

சிவராத்திரிக்குக் கண்விழிக்கப் பேய்ப்படம் போடலாமா?

அம்மாவிடம் கேட்டேன். அவர் பார்த்த பார்வையே பதில்.

சிவராத்திரியும் படமும் இங்கே பழைய சொந்தம். முன்பு டிவியும் டெக்கும் வாடகைக்கு எடுத்து, ஜெனரேட்டருக்கு மண்ணெண்ணெய் சேர்த்து, ஒழுங்கை முழுக்க ஒரு முற்றத்தில் கூடி விடியவிடிய மூன்று நாலு படம் பார்த்தார்கள். முதல் படம் 'திருவிளையாடல்'. நடுச்சாமத்துக்குப் பிறகு என்னென்ன ஓடியது என்பது பெரியவர்கள் தூங்கியபின் நடந்த கதை. நாங்கள் சிவராத்திரிக்குப் போடுவதில்லை. கோணேசர் கோயிலுக்குப் போய்விடுவோம்.

டிவியா, புரொஜெக்டரா?

பேய்ப்படத்துக்கு டிவி. மலிவான புரொஜெக்டர் கறுப்பைக் கறுப்பாகக் காட்டாது, சாம்பலாகத்தான் காட்டும். இப்போதைய பேய்ப்படங்களில் பாதிக் காட்சி இருட்டு. தெருவிளக்கும் சேர்ந்தால் வெள்ளைச் சீலையில் ஒன்றும் தெரியாது, சத்தம் மட்டும் வரும். புரொஜெக்டர்தான் இருக்கிறது என்றால் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஓரளவு தாங்கும்.

படத்தைவிடச் சத்தம் முக்கியம். போன் ஸ்பீக்கரிலும் மெல்லிய டிவியின் சின்ன ஸ்பீக்கரிலும் அடித்தொனி கேட்காது. பயத்தில் பாதி அதற்குள்தான் இருக்கிறது. வெளி ஸ்பீக்கர் ஒன்று போடுங்கள், ஆனால் வயரில் போடுங்கள். புளூடூத்தில் சத்தம் ஒரு நொடிக்குள் பிந்தி வரும். மற்றப் படத்தில் அது தெரியாமல் போகலாம். பேய்ப்படத்தில் முதலில் பேய் வந்துவிடும், 'டமார்' பிறகு வரும். ஒரு தடவை அப்படியாகி, முழுப் படமும் பகிடியாய்ப் போயிற்று.

பக்கத்து வீட்டாரிடம் முதலே சொல்லிவையுங்கள். இரவு பத்து மணிக்கு உங்கள் வளவிலிருந்து ஒரு பெண் அலறினால் அவர்கள் ஓடிவருவார்கள். வரவேண்டும்.

கரண்ட் போனால்?

அதைவிட நல்லது என்ன? 2022இல் ஒரு நாளைக்கு 13 மணிநேரம் கரண்ட் இல்லாமல் இருந்தபோது, படம் போட வழியில்லாமல் விறாந்தையில் கதை சொல்லத் தொடங்கினோம். தம்பலகாமத்து வயலில் தாத்தா கண்ட கொள்ளிவாய்ப் பேய்க்குக் கிட்ட வர ஹொலிவூட்டுக்கு இன்னும் காலம் எடுக்கும். லப்டொப்பில் சார்ஜ் இருந்தால் 'ஹொஸ்ட்' போடலாம். 2020 முடக்க காலத்தில் சூம் அழைப்பாகவே எடுத்த படம். 57 நிமிடம்தான், சின்னத் திரையிலேயே பார்க்கவேண்டியது.

தின்பதற்கு என்ன வைப்பது?

சத்தம் போடாதது. முறுக்கு, மிக்சர் வேண்டாம். அமைதியான காட்சியில் கறுக்குமுறுக்கு என்று கேட்டால் கையில் கிடைத்ததைத் தூக்கி எறியத் தோன்றும். அவித்த கடலைக்குச் செத்தல் மிளகாயும் தேங்காய்ச் சொட்டும் போட்டுத் தாளித்து, ஆளுக்கொரு கோப்பையில் கொடுங்கள். கச்சான் என்றால் கோது உடைத்து வையுங்கள். இருட்டில் மீன்கறி கூடாது, முள் இருக்கிறது. இடைவேளைக்கு இஞ்சி போட்ட பிளேன்டீ. நுளம்புத்திரியைப் படம் தொடங்க அரைமணிநேரம் முன்பே கொளுத்துங்கள். நடுவில் யாரும் எழும்பிப் போய்க் கொளுத்தமாட்டார்கள்.

எனக்குப் பயம். ஆனால் வர ஆசை.

வாருங்கள். சுவரோரமாக, முதுகுக்குப் பின்னால் ஒன்றும் இல்லாத இடத்தில் உட்காருங்கள். பயமான இடத்தில் கண்ணை மூடாதீர்கள், காதை மூடுங்கள். திடுக்கிட வைப்பது பெரும்பாலும் திடீரென்று வருகிற சத்தம்தான். அது இல்லாவிட்டால் யாரோ மாவு பூசிக்கொண்டு நிற்பதுபோலத் தெரியும். இதய நோய் உள்ளவர்களும், மின்னி மின்னி வரும் வெளிச்சத்தில் வலிப்பு வருகிறவர்களும் எங்களோடு அடுத்த மாதம் நகைச்சுவைப் படம் பார்க்கலாம்.

பிள்ளை பயந்துவிட்டால் கேலி செய்யாமல், அந்தப் படம் எடுத்த விதத்தைக் காட்டுகிற வீடியோவை அன்றிரவே போடுங்கள். பேய் கதிரையில் இருந்து தேநீர் குடிப்பதைக் கண்டால் நித்திரை வரும்.

திருகோணமலையில் உண்மையான பேய்வீடு இருக்கிறதா?

கதைக்குக் குறைவில்லை. சுவாமிமலையில் ஒரு தூண் நிற்கிறது. 1687இல் ஒரு ஒல்லாந்தப் பெண் காதலன் கப்பலேறிப் போவதைப் பார்த்து அங்கிருந்து குதித்தாள் என்பார்கள். சீனக்குடாப் பக்கம் காட்டுக்குள் பிரித்தானியர் கட்டிய எண்ணெய்த் தாங்கிகள் நிற்கின்றன. 1942 ஏப்ரல் 9இல் ஜப்பான் விமானம் ஒன்று அதிலொன்றில் வந்து மோதியது. யாராவது படம் எடுக்க வந்தால் இடம் தேடி அலையவேண்டியதில்லை.

ஆனால் நீங்கள் கேட்பது வீட்டை. எங்கள் ஒழுங்கையில் ஒன்று இருந்தது. ஆட்கள் கனடாவில், வீடு பூட்டிக் கிடந்தது. வெள்ளிக்கிழமை ஒரு ஐயா வந்து விளக்கு வைத்துவிட்டுப் போவார். இரவில் அங்கே வெள்ளையாக ஏதோ நடக்கிறது, பின்வளவில் ஓலை முறிகிற சத்தம் கேட்கிறது என்று பெடியளுக்குள் பெரிய கதை. இரண்டு வருடமாக ஒரு பிள்ளையும் அந்த மதில் பக்கம் போகவில்லை, எங்கள் வீட்டுச் சின்னவனையும் அவனுடைய இரண்டு கூட்டாளிகளையும் தவிர. அந்த வளவில் ஒரு கறுத்தக்கொழும்பான் மாமரம் நின்றது எனக்கு அப்போது ஞாபகம் வரவில்லை.

போன ஓகஸ்டில் வீட்டுக்கார அம்மா வந்து இறங்கினார். கதவுகளைத் திறந்தார், கூட்டினார், பின்னால் போய் மரத்தைப் பார்த்தார். அன்று பின்னேரம் எங்கள் விறாந்தையில் பிளேன்டீ குடித்துக்கொண்டே, "ஒரு காய்கூட மிஞ்சேல்ல, ஆர் பிடுங்கினது?" என்று கேட்டார். பெடியள் மூன்று பேரும் நிலத்தைப் பார்த்தார்கள். கொஞ்ச நேரம் கழித்துச் சின்னவன்தான் சொன்னான்: "பேய், அன்ரி."